டைனோசர் செத்த மறுநாள் என்ன ஆச்சு? தமிழ்ல சயின்ஸ் வீடியோ போடுற தம்பி தங்கச்சிங்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பிகளா, தங்கச்சிகளா,

தமிழ்ல சயின்ஸ் வீடியோ போடுற எல்லாருக்கும் பொதுவாத்தான் எழுதுறேன், யாரையும் தனியா குத்திக் காட்ட இல்ல, அதனால எந்த சேனல் பேரும் இதுல வராது. உங்க மேல எனக்கு நிஜமாவே மரியாதை உண்டு. ப்ளஸ் டூ பசங்களுக்கு ஸூவாலஜி எடுத்து ரிட்டயர் ஆனவன் நான், பரிணாமம் பாடம் வந்தா பாதி கிளாஸ் தூங்கும், மீதி பாதி "இது எத்தன மார்க் சார்"னு கேக்கும். இப்ப என்னடான்னா எங்க தெருவுல ரெண்டாங்கிளாஸ் படிக்கிற பொடுசு வந்து "தாத்தா விண்கல் விழுந்த சிக்சுலூப் பள்ளம் எந்த நாட்டுல இருக்கு சொல்லுங்க பாப்போம்"னு என்னையே மடக்குது. இது உங்க வேலைதான், பாடப்புத்தகம் பண்ணல, நானும் பண்ணல.

ஆனா ஒரு குறை இருக்கு, ரொம்ப நாளா மனசுல வச்சிருக்கேன், இன்னைக்கு சொல்லிடுறேன். உங்க டைனோசர் வீடியோ எல்லாம் ஒரே எடத்துல வந்து முடியுது. விண்கல் வருது, வானம் செவக்குது, சுனாமி எழும்புது, டி ரெக்ஸ் கடைசியா ஒரு கத்து கத்துது, ஸ்க்ரீன் கருப்பாகுது. அப்புறம் ஒரு பொந்துல இருந்து எலி மாதிரி ஒன்னு மூக்க நீட்டுது, "அன்னைக்கு தப்பிச்ச இந்த குட்டி ஜீவன்தான் நம்ம மூதாதை"ன்னு ஒரு வாய்ஸ் ஓவர், மியூசிக், சப்ஸ்க்ரைப் பண்ணுங்க மக்களே, முடிஞ்சு போச்சு. இருபது நிமிஷ வீடியோவுல பதினெட்டு நிமிஷம் டைனோசர், அதுக்கப்புறம் நடந்த 6.6 கோடி வருஷத்துக்கு முப்பது செகண்ட். வீட்டுக்காரன் காலி பண்ணிட்டு போனான், திண்ணையில படுத்திருந்தவன் உள்ள போயி கட்டில்ல படுத்துக்கிட்டான், அவ்வளவுதான் பாலூட்டியோட கதைங்கிற மாதிரி சொல்றீங்க. அப்படி இல்லப்பா. அன்னைக்கு வீடே எரிஞ்சுது, திண்ணையில படுத்திருந்தவனும் சேர்ந்துதான் எரிஞ்சான். இத மட்டும் நீங்க சரியா சொல்லிட்டீங்கன்னா மத்தத நான் மன்னிச்சிடுவேன்.

மொதல்ல அந்த எலி. டைனோசர் காலத்துல பாலூட்டி எல்லாம் பயந்து நடுங்கிட்டு இருட்டுல ஒளிஞ்சிருந்துச்சுன்னு சொல்றீங்க. சின்னதா இருந்துச்சுங்கறது உண்மை, ராத்திரி ஜீவனம்ங்கறதும் பெரும்பாலும் உண்மைதான், அதோட அடையாளம் இன்னைக்கும் நம்ம கண்ணுல இருக்கு. பறவைக்கும் பல்லி ஓணானுக்கும் நாலு வகை நிற உணர்வு இருக்கறப்ப முக்காவாசி பாலூட்டிக்கு ரெண்டுதான், மாட்டுக்கும் நாய்க்கும் சிவப்பு பச்ச வித்தியாசம் சரியா தெரியாது, ஏன்னா பரம்பரை பரம்பரையா ராத்திரியிலயே பொழச்சு பகல் கண்ண தொலைச்சிட்டோம். நம்ம குரங்கு வம்சம்தான் அப்புறமா மூணாவது ஒன்ன திரும்ப வாங்கிச்சு. ஆனா ராத்திரி ஜீவனம்னா கோழைன்னு அர்த்தமா? ஆந்தைய யாராவது கோழைன்னு சொல்வீங்களா?

சைனாவுல லியாவ்னிங் பக்கம் ரெபனோமாமஸ்னு ஒன்னு கிடைச்சுது, சுமார் 12.5 கோடி வருஷத்துக்கு முன்னாடி இருந்த பாலூட்டி. அதுல பெரிய ரகம் மூக்குல இருந்து வால் வரைக்கும் ஒரு மீட்டருக்கு மேல, எடை 12, 14 கிலோ வரும்னு கணக்கு. 2005ல வந்த ஆராய்ச்சிக் கட்டுரையில அதோட சொந்தக்காரன் ஒருத்தன் வயித்துக்குள்ள சிட்டகோசாரஸ் குட்டியோட எலும்பு இருந்தத காட்டினாங்க. புரியுதா, பாலூட்டி டைனோசர சாப்பிட்டிருக்கு. 2023ல அத விட நல்ல ஃபாஸில் வெளிய வந்துச்சு, ரெண்டும் கட்டிப் புரண்டு கெடக்கு, தன்ன விட பெரிய சிட்டகோசாரஸோட விலாவுல பல்ல பதிச்சபடியே எரிமலைச் சாம்பல் சேறு மூடி ரெண்டும் அப்படியே கல்லாயிடுச்சு. இத விட ஒரு தம்ப்நெயில் உங்களுக்கு வேணுமா?

அதே மாதிரி காஸ்டரோகவுடா, 16 கோடி வருஷத்துக்கு முன்னாடியே தட்டையான வால வச்சிக்கிட்டு தண்ணியில நீந்தி மீன் பிடிச்சது. வோலாட்டிகோதீரியம் கை கால் நடுவுல தோல விரிச்சு மரம் விட்டு மரம் சறுக்குச்சு. மண்ணு தோண்டி கரையான் தின்ன ரகம் கூட இருந்துச்சு. பாலூட்டி வம்சம் தொடங்கினது டைனோசர் தொடங்கின அதே டிரையாசிக் காலத்துலதான். ரெண்டும் பக்கத்துல பக்கத்துல 14 கோடி வருஷத்துக்கு மேல குடித்தனம் நடத்தியிருக்கு. டைனோசர் இல்லாம நாம இருந்த காலம் அதுல பாதி கூட இல்ல. அப்ப "வாய்ப்புக்காக காத்திருந்தது"ன்னு சொல்றது எவ்வளவு பெரிய அநியாயம். எதுவும் காத்திருக்கல, அதது அதோட வாழ்க்கைய வாழ்ந்துச்சு.

இப்ப அந்த நாளுக்கு வருவோம். விண்கல் பத்தி நீங்க நல்லாவே சொல்றீங்க, பத்து கிலோமீட்டருக்கு மேல சைஸ், மெக்ஸிகோவோட யுகடான் கரையில சுமார் 180 கிலோமீட்டர் பள்ளம், 1980ல அப்பா லூயிஸ் ஆல்வாரெஸும் மகன் வால்ட்டர் ஆல்வாரெஸும் இத்தாலியில குப்பியோ ஊர் பக்கம் ஒரு மெல்லிசான களிமண் அடுக்குல இரிடியம்ங்கற, விண்கல்லுல நெறயவும் பூமி மேல்பரப்புல அரிதாவும் இருக்கற உலோகம் எக்கச்சக்கமா இருக்கறத பாத்தது, எல்லாம் சரி. வட டகோட்டாவுல டேனிஸ்ங்கற எடத்துல அன்னைக்கே செத்த மீனோட எலும்ப வெட்டிப் பாத்து, அது செத்தது வசந்த காலத்துலன்னு 2022ல கண்டுபிடிச்சத கூட ஒரு தம்பி சொல்லியிருந்தார், பாத்து அசந்துட்டேன். அந்தத் தம்பியே அடுத்த வரியில "பாலூட்டிகள் மட்டும் பொந்துல பத்திரமா இருந்தன"ன்னு சொன்னப்பதான் தலையில அடிச்சுக்கிட்டேன்.

பத்திரமாவா? வட அமெரிக்காவோட மேற்குப் பகுதியில கிடைச்ச ஃபாஸில வச்சு 2016ல ஒரு கணக்கு போட்டாங்க, அங்க இருந்த பாலூட்டி இனத்துல 93 சதவீதம் அழிஞ்சு போச்சு. நூத்துக்கு ஏழுதான் கரையேறுச்சு. முன்னாடி போட்ட கணக்குல இது முக்கால்வாசின்னு வந்துச்சு, ஏன் கூடுச்சுன்னா, அரிதான இனம் எல்லாம் ஃபாஸிலாவே சரியா சிக்காது, பரவலா நெறய இருந்ததுதான் சிக்கும், பரவலா இருந்தது தப்பிக்கறதும் ஜாஸ்தி, அதனால பழைய கணக்கு நஷ்டத்த கொறச்சு காட்டிடுச்சு. இந்த ஒரு பாயின்ட்டே தனி வீடியோ போடலாம், ஃபாஸில எப்படிப் படிக்கணும்னு சொல்லித்தர இத விட நல்ல உதாரணம் கிடையாது.

யார் போனாங்கன்னு பாத்தா இன்னும் சோகம். கங்காரு, ஓபோசம் எல்லாத்துக்கும் ஒன்னு விட்ட சொந்தமான கூட்டம் அன்னைக்கு வட அமெரிக்காவுல பலுகிப் பெருகி இருந்துச்சு, டிடெல்ஃபோடான்னு ஒன்னு, எலும்பையே கடிச்சு ஒடைக்கிற தாடை அதுக்கு. விண்கல் மட்டும் வரலேன்னா அந்தக் கண்டமே பைப்பாலூட்டி கண்டமா ஆகியிருக்கலாம். அந்தக் கூட்டத்துல பெரும்பகுதி துடைச்சு எடுத்த மாதிரி காணாம போச்சு. தப்பிச்ச கொஞ்சநஞ்சத்தோட சந்ததிதான் தென் அமெரிக்கா போயி, அப்ப பனி மூடாம காடா இருந்த அன்டார்டிகா வழியா ஆஸ்திரேலியா போயி சேந்துச்சு. கங்காருவுக்கு பின்னாடி இவ்வளவு பெரிய கதை இருக்கு, ஒருத்தரும் சொல்ல மாட்டேங்கறீங்க.

சரி தப்பிச்சது எப்படி தப்பிச்சது? வீரமும் இல்ல புத்தியும் இல்ல. தூசியும் புகையும் கந்தகமும் சூரியன மறைச்சு, செடி வெளிச்சத்த வச்சு உணவு தயாரிக்கிறதே ரெண்டு வருஷம் கிட்ட நின்னு போயிருக்கலாம்னு 2023ல ஒரு மாடல் கணக்கு சொல்லுது. இலை தின்னது செத்துச்சு, இலை தின்னத தின்னது செத்துச்சு. மண்ணுல மக்கிப் போனத தின்ற புழு, பூச்சி, நத்தை, காஞ்சு விழுந்து கெடந்த விதை, இது மட்டும் கொஞ்ச நாள் ஓடும். ஒடம்பு சின்னதா இருக்கணும், கெடச்சத தின்னணும், மண்ணுக்கு அடியிலயோ தண்ணிக்கு உள்ளயோ புகுந்துக்க தெரியணும், சீக்கிரம் குட்டி போடணும். இந்த நாலும் ஒன்னா சேந்து அமைஞ்சவன் பொழச்சான், எல்லாரும் அல்ல, அதுலயும் கொஞ்ச பேர். ஆமையும் முதலையும் தவளையும் கூடத்தான் பொழச்சுது. பறவையும் பொழச்சுது, பறவை டைனோசர் வம்சம்தான், உங்கள்ல பல பேர் இத சரியா சொல்றீங்க, ஆனா அடுத்த வரியிலயே "டைனோசர் யுகம் முடிந்தது, பாலூட்டி யுகம் தொடங்கியது"ன்னு சொல்லிடுறீங்க. இன்னைக்கு தேதிக்கு பறவை இனம் சுமார் 11,000, பாலூட்டி இனம் சுமார் 6,500, அதுலயும் பெரிய பங்கு எலி வகையறாவும் வௌவாலும். யாரோட யுகம்னு நீங்களே சொல்லுங்க.

நான் இந்த மடல் எழுத உக்காந்ததே இனிமே சொல்லப் போறதுக்காகத்தான். அடுத்த பத்து லட்சம் வருஷம் என்ன ஆச்சு? ரொம்ப காலமா இதுக்கு பதில் சரியா இல்ல, ஏன்னா அந்தக் காலத்து பாலூட்டின்னா கையில இருந்தது பெரும்பாலும் பல்லுதான், அங்கொன்னும் இங்கொன்னுமா தாடைத் துண்டு. அமெரிக்காவுல கொலராடோ ஸ்ப்ரிங்ஸ் ஊர ஒட்டி கோரல் பிளஃப்ஸ்னு ஒரு வறண்ட மேடு. டென்வர் மியூசியத்து ஆளு டைலர் லைசன் அங்க எலும்பு தேடித் தேடி சலிச்சுப் போனவர். எல்லாரும் எலும்பு தரையில நீட்டிக்கிட்டு இருக்கும்னு பாப்பாங்க, இவரும் அப்படித்தான் பாத்தார். தென் ஆப்பிரிக்காவுல எலும்பத் தேட மாட்டாங்க, உருண்டைக் கல்லத் தேடுவாங்க, எலும்ப சுத்தி தாது படிஞ்சு படிஞ்சு உருண்டையா இறுகிப் போன கல்லு. அது ஞாபகம் வந்து 2016ல கோரல் பிளஃப்ஸ்ல ஒரு அசிங்கமான வெள்ளக் கல்ல ஒடைச்சுப் பாத்தார், உள்ள பாலூட்டி மண்டை ஓடு சிரிக்குது. அப்புறம் அடுத்தடுத்து மண்டை ஓடா வருது. அந்த எடத்துல எத்தன பேர் எத்தன வருஷமா அந்தக் கல்ல மிதிச்சுட்டே நடந்திருப்பாங்க.

இத சொல்றப்ப நம்ம பெரம்பலூர் ஞாபகம் வராம இருக்குமா. 2020ல குன்னம் பக்கம் ஏரி தோண்டுறப்ப உருண்டை உருண்டையா கிடைச்சுது, டைனோசர் முட்டைன்னு ஊரே தெரண்டுச்சு, வாட்ஸப் எல்லாம் பறந்துச்சு, அப்புறம் நிபுணருங்க வந்து பாத்து முட்டை எல்லாம் இல்ல, கடல் காலத்து அம்மோனைட்டோட (சுருள் ஓடு போட்ட, டைனோசரோட சேந்து அழிஞ்சு போன கடல் பிராணி) சம்பந்தப்பட்ட படிவக் கல்லுன்னு சொன்னதும் எல்லாரும் "ச்சே"ன்னு கலஞ்சு போயிட்டாங்க. நீங்களும் "முட்டை இல்லையாம்"னு ஒரு ஷார்ட்ஸ் போட்டு முடிச்சிட்டீங்க. அந்த "ச்சே"தான் எனக்கு வருத்தம். அங்கதான் ஒரு வீடியோ ஆரம்பிக்கணும். அரியலூர் பெரம்பலூர் பாறையில அம்மோனைட் கொட்டிக் கெடக்கு, அதுக்கு மேல நின்னியூர் பக்கத்து சுண்ணாம்புப் பாறை அந்த அழிவுக்கு அப்புறம் படிஞ்சது, அதுல அம்மோனைட்டோட சொந்தக்காரனான நாட்டிலஸ் உண்டு, அம்மோனைட் கெடையாது. சிமென்ட் லாரி ஓடுற அந்த மண்ணுலயே கோடு போட்ட மாதிரி முன்ன பின்ன ரெண்டு உலகமும் இருக்கு. ஆனா அது கடல் படிவு, தரைப் பாலூட்டி கதைக்கு கொலராடோவுக்கே திரும்பணும்.

கோரல் பிளஃப்ஸ்ல கிடைச்சது 16 வகை பாலூட்டி, கூடவே முதலை, ஆமை, ஆயிரக்கணக்குல இலை அச்சு, 37,000 மகரந்தத் துகள எண்ணியிருக்காங்க. 2019 அக்டோபர்ல கட்டுரை வந்துச்சு. இது ஏன் பெரிய விஷயம்னா, செடியும் மிருகமும் தட்பவெப்பமும் வருஷக் கணக்கும் ஒரே எடத்துல அடுக்கடுக்கா கெடக்கு, அப்படி ஒன்னு அதுக்கு முன்னாடி கையில இல்ல.

விண்கல்லுக்கு முன்னாடி அந்தப் பகுதியில பெரிய பாலூட்டி எட்டு கிலோ. அடி விழுந்ததும் மிச்சம் இருந்ததுல பெரிசே அரைக் கிலோ சொச்சம், நம்ம வீட்டுப் பின்னாடி சாக்கடையில ஓடுற பெருச்சாளி சைஸ். காடே இல்ல, எங்க பாத்தாலும் பெரணிச் செடிதான், எரிஞ்சு போன நிலத்துல மொதல்ல வர்றது அதுதான். ஒரு லட்சம் வருஷத்துல பாலூட்டி இனம் ரெண்டு மடங்கு ஆகுது, ஒடம்பு பழைய சைஸ எட்டிப் பிடிக்குது. அப்ப காடு எப்படி இருந்துச்சு தெரியுமா, ஒரே பனை வகை மரமா இருந்துச்சு, வேற சரக்கு அவ்வளவா இல்ல. மூணு லட்சம் வருஷம் ஆகறப்ப வால்நட் குடும்பத்து மரம் வகை வகையா வருது, கொழுப்பு நெறஞ்ச கொட்டை, அதே அடுக்குல கார்சியோப்டிகஸ்னு ஒரு மிருகம் வருது, கெட்டியானத கடிச்சு நொறுக்க தோதான பெரிய பல்லு, எடை இருபத்தஞ்சு கிலோ பக்கம், அதாவது முன்னாடி இருந்த பெரிசுக்கு மூணு மடங்கு. ஏழு லட்சம் வருஷத்துல என்ன வருதுன்னு நெனைக்கறீங்க? அவரைக் காய்! அந்தக் குடும்பத்தோட காய் ஃபாஸில் வட அமெரிக்காவுல கிடைச்சதுலயே பழசு அங்கதான் இருக்கு, அவரை, துவரை, உளுந்து, புளி எல்லாம் சேந்த அதே குடும்பம். புரதம் வந்த அதே சமயத்துல டேனியோலாபிஸும் இயோகோனோடானும் தலை காட்டுது, ரெண்டாவது ஏறக்குறைய ஐம்பது கிலோ. பருப்பு சாப்பிட்டாத்தான் ஒடம்பு தேறும்னு பாட்டி சொன்னது கொலராடோவுல ஃபாஸில் சாட்சியோட நிரூபணம் ஆயிருக்குன்னு நான் கிளாஸ்ல சொல்லியிருப்பேன், கட்டுரை வர்றதுக்கு முன்னாடியே ரிட்டயர் ஆயிட்டேன்.

இத கேட்டுட்டு "காய் வந்துச்சு அதனால பாலூட்டி வளந்துச்சு"ன்னு ஒரே போடா போட்றாதீங்க. ரெண்டும் ஒரே அடுக்குல இருக்கு, அவ்வளவுதான் பாறை சொல்லுது. அந்த ஒவ்வொரு கட்டத்தையும் ஒட்டி பூமி கொஞ்சம் சூடேறியிருக்கு, அதுக்கு நம்ம தக்காணத்துல ஓடின டெக்கான் எரிமலைக் குழம்போட வாயு காரணமா இருக்கலாம்னு கட்டுரை எழுதினவங்களே சொல்றாங்க, ஆக எது எத இழுத்துச்சுங்கறது இன்னும் வாதத்துல இருக்கு. "இருக்கலாம்"ங்கற சொல்ல உங்க ஸ்கிரிப்ட்ல கொஞ்சம் தாராளமா போடுங்க, வியூஸ் ஒன்னும் கொறஞ்சிடாது. டேனியோலாபிஸ் பத்தி இன்னொன்னு, அது மல்டிடியூபர்குலேட்ங்கற கூட்டத்த சேந்தது, பாக்க எலி அணில் மாதிரி இருந்தாலும் அதுக்கும் எலிக்கும் சம்பந்தம் இல்ல. டைனோசர் காலத்துலயும் செழிப்பா இருந்துச்சு, விண்கல்லையும் தாண்டுச்சு, சுமார் 3.5 கோடி வருஷத்துக்கு முன்னாடி சத்தமில்லாம அத்துப் போச்சு, இன்னைக்கு ஒரு வாரிசு கூட இல்ல. அதாவது அந்த ராத்திரிய தாண்டினவன் எல்லாம் நம்ம தாத்தா இல்ல.

அப்புறம் மூளை. இத கேட்டா உங்களுக்கே ஷாக்கா இருக்கும். பாலூட்டி புத்திசாலி, அதனாலதான் ஜெயிச்சுதுன்னு எத்தன வீடியோவுல கேட்டிருக்கேன். எடின்பர்க் பல்கலைக்கழகத்து ஆர்னெல்லா பெர்ட்ராண்ட் குழு அந்தக் காலத்து மண்டை ஓட எல்லாம் சிடி ஸ்கேன் எடுத்து 2022ல ஒரு கட்டுரை போட்டாங்க. டைனோசர் போன அடுத்த ஒரு கோடி வருஷம் பாலூட்டிக்கு ஒடம்புதான் வீங்குச்சு, மூளை கூடவே ஓடல, ஒடம்போட ஒப்பிட்டா டைனோசர் காலத்து பாலூட்டிய விட மூளை சின்னதா போயிடுச்சு. காலி நெலம், போட்டி கம்மி, பெரிய ஒடம்பே போதும். அதுக்கப்புறம் வந்த இயோசீன் காலத்துல காடு நெறஞ்சு, தொரத்துறவனும் ஓடுறவனும் ஜாஸ்தி ஆனப்பதான் மூளை வளந்துச்சு. நம்ம பெருமை பேசிக்கறதுக்கு இது கொஞ்சம் கஷ்டமான தகவல்தான்.

அதே வருஷம் அதே ஊர்ல இருந்து இன்னொரு கட்டுரை, பாண்டோலாம்ப்டாங்கற மிருகம் பத்தி. நியூ மெக்ஸிகோவுல 6.2 கோடி வருஷத்துக்கு முன்னாடி இருந்துச்சு, ஆடு சைஸ். அதோட பல்ல அறுத்து, மரத்துல வளையம் இருக்கற மாதிரி இருக்கற கோட்ட எண்ணி, துத்தநாகமும் பேரியமும் எங்க எங்க கூடுதுன்னு பாத்து, அம்மா வயித்துல சுமார் ஏழு மாசம் இருந்துச்சு, பொறந்து ஒன்னு ரெண்டு மாசந்தான் பால் குடிச்சுதுன்னு சொல்லிட்டாங்க. எப்ப பொறந்துச்சு எப்ப பால் மறந்துச்சுங்கறது பல்லுல எழுதியிருக்கு. குட்டி பொறக்கும்போதே கண்ணத் தொறந்து நடக்கற பக்குவத்துல வந்திருக்கும். கருவ இவ்வளவு நாள் வயித்துலயே வச்சு வளத்தா குட்டியும் பெரிசா பொறக்கும், ஒடம்பும் சீக்கிரம் பெருக்கும், பாலூட்டி இவ்வளவு வேகமா பெரிசானதுக்கு இதுவும் ஒரு காரணம்னு அவங்க வாதம். எனக்கு இதுதான் எல்லாத்துலயும் பிடிச்ச கட்டுரை. விண்கல் வெடிக்கிற கிராஃபிக்ஸ் எதுவும் இதுக்கு கிட்ட நிக்காது.

நம்ம சொந்த தாத்தா வேணும்னு அடம் பிடிக்கறவங்களுக்கு பர்கடோரியஸ் இருக்கு. மொன்டானாவுல கிடைச்ச பல்லு, விண்கல் விழுந்து ஒரு லட்சத்துல இருந்து ஒன்னரை லட்சம் வருஷத்துக்குள்ளன்னு 2021ல தேதி குறிச்சாங்க, கணுக்கால் எலும்ப பாத்தா மரம் ஏறின ஆளு. குரங்கு வம்சத்துக்கு கிட்டத்து சொந்தம், நேரடி தாத்தாவா சித்தப்பாவாங்கறதுல சண்ட ஓயல. ஆனா அது பொந்து எலி இல்ல, மரத்துல பழம் பூச்சி தேடின ஜீவன், கிராஃபிக்ஸ் பண்றப்ப தயவுசெஞ்சு மரத்துல ஏத்துங்க.

எல்லா எடத்துலயும் பாலூட்டிதான் மேல வந்துச்சான்னா அதுவும் இல்ல. கொலம்பியாவுல செர்ரெஹோன் நிலக்கரிச் சுரங்கத்துல 2009ல அறிவிச்ச டைட்டனோபோவா, சுமார் 13 மீட்டர் பாம்பு, ஒரு டன்னுக்கு மேல எடை, அது இருந்தது டைனோசர் போயி ஆறேழு மில்லியன் வருஷம் கழிச்சு. நம்ம குஜராத் கட்ச்ல பானந்த்ரோ லிக்னைட் சுரங்கத்துல கிடைச்ச வாசுகி பாம்ப 2024ல ரூர்க்கி ஐஐடி ஆளுங்க அறிவிச்சாங்க, 4.7 கோடி வருஷம் பழசு, 11ல இருந்து 15 மீட்டர் வரை இருந்திருக்கலாம்னு கணக்கு. அப்பல்லாம் பாலூட்டி அதுக்கு சாப்பாடு. ஒட்டகச்சிவிங்கிய விட பெரிய காண்டாமிருக சொந்தக்காரன் பாராசெரதீரியம் எல்லாம் வர்றதுக்கு இன்னும் ஒரு கோடி வருஷத்துக்கு மேல ஆச்சு. 5.6 கோடி வருஷம் முன்னாடி பூமி திடீர்னு அஞ்சாறு டிகிரி சூடானப்ப, அப்பதான் புதுசா வந்திருந்த குதிரையோட மூதாதை சுருங்கி பூனை சைஸ்க்கு போன கதையும் இருக்கு, அது தனி வீடியோ, இங்க வேண்டாம்.

கடைசியா ஒன்னு, இது கொஞ்சம் உரிமையோட கேக்கறது. இந்தக் கதையில இந்தியா ஒரு ஓரமா நின்னு வேடிக்கை பாத்த நாடு இல்ல. அன்னைக்கு இந்தியா கடல் நடுவுல வடக்க நகர்ந்துட்டு இருந்த தீவு, மேல டெக்கான் எரிமலைக் குழம்பு ஓடுது. ஒரு ஓட்டத்துக்கும் அடுத்த ஓட்டத்துக்கும் நடுவுல கெடைச்ச இடைவெளியில குளம் வந்துச்சு, மண்ணு படிஞ்சுது, மரம் வளந்துச்சு, ஜீவராசி குடி வந்துச்சு, மறுபடி குழம்பு மூடிச்சு. தெலங்கானாவுல நஸ்கல்னு ஒரு ஊர்ல அந்த நடு மண்ணுல இருந்துதான் ஜி.வி.ஆர். பிரசாத்தும் அஷோக் சஹானியும் டெக்கானோலெஸ்டிஸ்ங்கற பாலூட்டிய கண்டுபிடிச்சு 1988ல உலகத்துக்கு சொன்னாங்க, இந்தியாவுல கிடைச்ச முதல் கிரெட்டேசியஸ் (டைனோசரோட கடைசி காலகட்டம்) பாலூட்டி. அப்புறம் கிடைச்ச கணுக்கால் எலும்பு அதுவும் மரம் ஏறினதுன்னு காட்டுச்சு. ஒரு பக்கம் நெருப்பாறு ஓட இந்தப் பக்கம் மரத்துல பூச்சி பிடிச்சுட்டு இருந்திருக்கு பாருங்க.

ஜம்மு காஷ்மீர்ல காலாகோட் பக்கம் ஏ. ரங்கா ராவ்னு ஒரு நிலவியலாளர் பாறை பாறையா சேத்து வச்சிட்டுப் போனார், அவர் காலமான பிறகு அவரோட மனைவி அத அமெரிக்காவுல இருக்கற தெவிசன்ங்கற ஃபாஸில் ஆராய்ச்சியாளர்கிட்ட ஒப்படைச்சாங்க. அங்க வேல செய்யற டெக்னீஷியன் கை தவறி ஒரு மண்டை ஓட்ட ஒடைச்சிட்டார், ஒடைஞ்ச எடத்துல தெரிஞ்ச காது எலும்பு திமிங்கலத்துக்கு மட்டுமே இருக்கற மாதிரி தடிச்சிருந்துச்சு. மான் மாதிரி காலு, பூனையளவு ஒடம்பு, தண்ணிக்குள்ள எறங்கி நின்ன ஜீவன், பேரு இண்டோஹையஸ், 4.8 கோடி வருஷம் பழசு, 2007ல கட்டுரை. உலகத்துலயே பெரிய மிருகமான நீலத்திமிங்கலத்தோட சொந்தபந்தம் நம்ம மண்ணுல, சிந்து கரையில இருந்து கட்ச் வரைக்கும் அடுக்கடுக்கா கெடக்கு. இதுக்கு தமிழ்ல ஒரு உருப்படியான வீடியோ நான் இன்னும் பாக்கல, இருந்தா அனுப்புங்க, முதல் லைக் என்னோடது.

அதனால உங்கள்ல யாராவது ஒருத்தர் ஒரு வாட்டி டி ரெக்ஸ விட்டுட்டு, விண்கல் விழுந்த எடத்துல வீடியோவ ஆரம்பிங்க. ட்ரோன் ஷாட் எல்லாம் வேணாம். நஸ்கல் போறவங்களுக்கு மட்டும் ஒரு யோசனை: அங்க எலும்புக்கூடு எதுவும் நீட்டிக்கிட்டு இருக்காது, மண்ண மூட்டை மூட்டையா கட்டி எடுத்துட்டு வந்து தண்ணியில கரைச்சு, சல்லடையில சலிச்சு, மிச்சத்த மைக்ராஸ்கோப் அடியில பரப்பி பொறுக்கினாத்தான் பல்லு ஒன்னு கிடைக்கும், அதுவும் ஒன்னு ரெண்டு மில்லிமீட்டர். அதனால மேக்ரோ லென்ஸ் இருக்கறவங்ககிட்ட கடனா வாங்கிட்டு போங்க, பல்கலைக்கழகத்துல முன்கூட்டியே லெட்டர் போட்டு அனுமதி கேளுங்க, மண்ண நீங்களா தோண்டாதீங்க.

இப்படிக்கு,
உங்க வீடியோவ எல்லாம் 1.5 ஸ்பீட்ல பாக்கற ஒரு பழைய ஸூவாலஜி வாத்தியார்